மண்வெட்டி பிடித்தவனெல்லாம் முன்ஜாமீன் வாங்க வேண்டுமா?



பூண்டு விலை, காட்டுமாட்டுத் தொல்லை, பஸ் வசதி என்றுதான் நம் சங்க நோட்டீஸ் வழக்கமாக வரும். இந்தத் தடவை கோர்ட் சமாச்சாரம். காரணம் இருக்கிறது. "செயலாளரே, என் மேல அடிதடி கேஸ் போட்டுட்டாங்க, முன்ஜாமீன் எடுக்கணும், வக்கீல் யாராச்சும் தெரியுமா?" என்று ராத்திரி பத்து மணிக்கு மேல் கதவைத் தட்டுகிறவர்கள் அதிகமாகிவிட்டார்கள். வருகிறவர் யாரும் ரவுடி இல்லை. அரை ஏக்கர், ஒரு ஏக்கர் வைத்துக்கொண்டு பூண்டும் உருளையும் கேரட்டும் போடுகிறவர்கள்.

நடந்த ஒன்றைச் சொல்கிறோம். ஊர் பேர், ஆள் பேர் வேண்டாம். மலையில் ஒரு கிராமம், பங்காளிகள் இரண்டு பேர். மேல் ஓடையில் இருந்து ஓஸ் போட்டுத் தண்ணீர் எடுப்பதில் தகராறு. ஒருவர் வசதியானவர், ஜீப் வைத்திருக்கிறார், ஊருக்கே பூண்டுக்கு முன்பணம் கொடுப்பவர். இன்னொருவர் நம் சங்க உறுப்பினர். ஒருநாள் காலையில் வசதியானவர் இரண்டு ஆட்களோடு வந்து ஓஸை அறுத்திருக்கிறார். நம்ம ஆள் அப்போது பாத்திக்குத் தண்ணீர் திருப்பிக்கொண்டு இருந்தார். கையில் மண்வெட்டி. விவசாயி கையில் வேறு என்ன இருக்கும்? தள்ளுமுள்ளு. இவருக்கு உதடு கிழிந்தது, தடுக்க வந்த சம்சாரத்துக்குக் கன்னத்தில் அறை. அவருக்கு முழங்கையில் சிராய்ப்பு. அவ்வளவுதான் சண்டை.

நம்ம ஆள் என்ன செய்தார்? காயத்தில் மஞ்சள் வைத்துக்கொண்டு மீதிப் பாத்திக்குத் தண்ணீர் பாய்ச்சினார். அவர் என்ன செய்தார்? ஜீப்பில் ஏறி நேராக ஆஸ்பத்திரிக்குப் போய்ப் படுத்துவிட்டார். சாயங்காலம் எஃப்.ஐ.ஆர். தயார். நம்ம ஆள் முதல் எதிரி, சம்சாரம் இரண்டாவது எதிரி, பன்னிரண்டாம் வகுப்பு முடித்துவிட்டு வீட்டில் இருந்த பையன் மூன்றாவது எதிரி. அசிங்கமாகத் திட்டினார்கள், மண்வெட்டியால் அடித்தார்கள், "உன்னைக் கொல்லாமல் விடமாட்டேன்" என்று மிரட்டினார்கள். புகார் எழுதிக் கொடுக்கிற ஆட்கள் இந்தக் கடைசி வரியை எந்தப் புகாரிலும் விடுவதில்லை. ஊமை மேல் புகார் கொடுத்தாலும் இந்த வரி இருக்கும்.

நம்ம ஆள் வாட்டில் காட்டுக்குள் ஓடிவிட்டார். ஒன்பது ராத்திரி அந்தக் குளிரில் ஒரு கொட்டகையில். சம்சாரத்தையும் பையனையும் அவள் அம்மா ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். பூண்டு பிடுங்குகிற நேரம். காடு அப்படியே கிடக்க மழை விழுந்துவிட்டது. பிடுங்கிக் கட்டுக் கட்டிப் பரணில் ஏற்ற வேண்டிய விதைப்பூண்டு மண்ணிலேயே அழுகிப்போனது. நடுவில் ஒரு புரோக்கர், "ஸ்டேஷன்ல பேசி முடிச்சுத் தர்றேன்" என்று பணத்தை வாங்கிக்கொண்டு ஆள் காணாமல் போனான். பிறகுதான் சங்கத்துக்கு வந்தார்கள். முதல் நாளே வந்திருந்தால்... சரி, அதைப் பிறகு பேசுவோம்.

முதல் மனு தள்ளுபடி. "காயம்பட்டவர் இன்னும் ஆஸ்பத்திரியில் உள்நோயாளியாக இருக்கிறார்" என்று அரசுத் தரப்பு சொல்லிவிட்டது. சிராய்ப்புக்கு எத்தனை நாள் படுக்கை? மறுபடி மனு. கிடைத்தது. கிடைத்த பிறகுதான் உண்மையான தண்டனையே ஆரம்பித்தது. அதை இந்த நோட்டீஸில் விவரமாகச் சொல்ல வேண்டும்.

முதலில் ஒரு சட்ட விஷயம். பெரிய படிப்பு வேண்டாம், பொறுமை போதும்.

2024 ஜூலை 1 முதல் பழைய இந்திய தண்டனைச் சட்டம் போய் பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. குற்றவியல் நடைமுறைச் சட்டம் போய் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. முன்பு 438 என்று வக்கீல்கள் சொன்ன முன்ஜாமீன் பிரிவு இப்போது 482. வெறும் கையால் அடித்துக் காயம் என்றால் முன்பு 323, இப்போது 115(2). ஜாமீனில் விட வேண்டிய குற்றம், மாஜிஸ்திரேட் உத்தரவு இல்லாமல் போலீஸ் விசாரிக்கவே முடியாத குற்றம். கையால் அடித்து எலும்பே முறிந்தது என்றால் முன்பு 325, இப்போது 117(2). ஏழு வருடம் வரை தண்டனை உண்டு. ஆனால் அதுவும் ஜாமீனில் விட வேண்டிய குற்றம்தான்.

இப்போது கவனியுங்கள். ஆயுதத்தால் அடித்துச் சாதாரணக் காயம் என்றால் முன்பு 324. அது நடைமுறையில் ஜாமீனில் விடக்கூடிய பிரிவாகவே இருந்தது. 2005-ல் அதை மாற்ற ஒரு திருத்தம் போட்டார்கள், ஆனால் அந்த வரியை மட்டும் அமலுக்குக் கொண்டுவரவில்லை. புதுச் சட்டத்தில் அதே குற்றம் 118(1). தண்டனை மூன்று வருடம் வரை. ஆனால் சத்தமில்லாமல் ஜாமீனில் விட முடியாத பட்டியலுக்குப் போய்விட்டது!

இதன் அர்த்தம் என்ன? ஒருவன் வெறும் கையால் இன்னொருவனின் கையை முறித்தால் ஸ்டேஷனிலேயே ஜாமீன். தோட்டத்தில் நிற்கிற விவசாயியின் மண்வெட்டி பட்டு எதிராளிக்கு ஒரு சிராய்ப்பு என்றால் ஜாமீன் கிடையாது, முன்ஜாமீனுக்கு ஓட வேண்டும். சட்டம் சொல்கிற ஆயுதம் என்ன? சுடுவது, குத்துவது, வெட்டுவது, அடித்தால் உயிர் போகக்கூடியது. நம்ம வீட்டுக் கொட்டகையில் இருப்பது எல்லாம் அதுதானே! மண்வெட்டி, அரிவாள், கொடுவாள், கடப்பாரை. கடைக்காரர்கள் இரண்டு பேர் கடைவீதியில் கட்டிப் புரண்டால் 115(2). விவசாயிகள் இரண்டு பேர் வரப்பில் கட்டிப் புரண்டால் 118(1). உழைக்கிற கருவியோடு நிற்பதால்தான் இந்த வித்தியாசம். அந்தக் கருவியால் அடித்தானா இல்லையா என்பது வழக்கு விசாரணையில் வருடக்கணக்கில் கழித்துத் தெரியும். எஃப்.ஐ.ஆரில் எழுத ஒரு நிமிஷம் போதும். டெல்லியில் இந்தப் பட்டியலைத் தயாரித்தவர்கள் ஒருநாளாவது வரப்பில் நின்றிருந்தால் இப்படி எழுதியிருப்பார்களா என்று கேட்கத் தோன்றுகிறது.

வனத்துறைக்காரர், வருவாய்த்துறைக்காரரோடு வாய்த்தகராறு முற்றினால் வருகிறது 132, பழைய 353. அரசு ஊழியரை வேலை செய்யவிடாமல் தாக்கினான் என்பது. இதுவும் ஜாமீனில் விட முடியாதது. காட்டுமாடு இறங்கிக் காடு நாசமாகிக் கிடக்கையில் வருகிற கோபத்தில் கார்டின் சட்டையைப் பிடித்தால் இந்தப் பிரிவு. கோபம் நியாயமானது. சட்டையைப் பிடித்தது நியாயமில்லை. இதையும் சேர்த்தே சொல்கிறோம்.

சரி, முன்ஜாமீன் என்ற ஏற்பாடு எதற்காக வந்தது? 1969-ல் சட்ட ஆணையம் தன் 41-வது அறிக்கையில் சிபாரிசு செய்தது. செல்வாக்கு உள்ளவர்கள் தங்கள் எதிரிகளை அவமானப்படுத்த, சில நாளாவது உள்ளே வைக்க, பொய் வழக்கில் மாட்டிவிடுகிறார்கள், அதைத் தடுக்க ஒரு வழி வேண்டும் என்பதுதான் காரணம். அதை ஏற்று 1973-ம் வருட நடைமுறைச் சட்டத்தில் 438-வது பிரிவாகச் சேர்த்தார்கள். 1980-ல் குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் இதை விளக்கினார்கள். எஃப்.ஐ.ஆர். போடுகிறவரை காத்திருக்க வேண்டியதில்லை, கைது செய்வார்கள் என்று நம்ப நியாயமான காரணம் இருந்தால் போதும். ஆனால் பொத்தாம் பொதுவாக "எந்தக் கேஸிலும் என்னைப் பிடிக்கக் கூடாது" என்று கேட்க முடியாது. 2020 ஜனவரியில் சுசீலா அகர்வால் வழக்கில் இன்னொரு ஐந்து நீதிபதி அமர்வு, முன்ஜாமீனுக்குப் பொதுவாகக் கெடு வைக்க வேண்டியதில்லை, விசாரணை முடியும் வரைகூட நீடிக்கலாம் என்றது. "முன்ஜாமீன் ஒரு மாசத்துக்குத்தான், புதுப்பிக்கணும்" என்று பணம் கேட்கிற புரோக்கர்களிடம் இந்தத் தீர்ப்பைச் சொல்லுங்கள்.

ஆக, சட்டத்தின் நோக்கம் நல்ல நோக்கம். செல்வாக்குள்ளவனிடமிருந்து சாதாரண மனுஷனைக் காப்பாற்ற வந்தது. நம்ம மலையில் அது எப்படித் திரும்பிக் கிடக்கிறது என்பதுதான் கேள்வி.

உயர் நீதிமன்ற முன்ஜாமீன் உத்தரவுகளில் வழக்கமாக வருகிற நிபந்தனைகளைப் பாருங்கள். பதினைந்து நாளுக்குள் மாஜிஸ்திரேட் முன்னால் ஆஜராக வேண்டும். பத்தாயிரம் ரூபாய்க்குப் பத்திரம், அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர். அப்புறம் மறு உத்தரவு வரும் வரை தினமும் காலை 10.30 மணிக்கு ஸ்டேஷனில் கையெழுத்து. சென்னையிலோ மதுரையிலோ இருக்கிறவருக்கு இந்த 10.30 கையெழுத்து ஒரு டவுன் பஸ் டிக்கெட். கவுஞ்சிக்காரருக்கு? கொடைக்கானலுக்குச் சுமார் 40 கிலோமீட்டர் மலைப்பாதை, அதே தூரம் திரும்பி வர வேண்டும். ஒரு பஸ் தவறினால், பனிமூட்டத்தில் தாமதமானால், ரோட்டில் மரம் விழுந்தால், கையெழுத்து போச்சு. "நிபந்தனையை மீறினான், முன்ஜாமீனை ரத்து செய்" என்று மனுப் போடலாம். கையெழுத்துப் போட்டுவிட்டு ஊர் திரும்பும்போது பொழுது சாய்ந்திருக்கும். அன்றைக்குக் கூலியும் இல்லை, தோட்டமும் இல்லை.

நாம் முன்னால் சொன்ன உறுப்பினர் என்ன செய்தார் தெரியுமா? டவுனில் தெரிந்தவர் வீட்டுத் திண்ணையில் ஒரு மாதத்துக்கு மேல் படுத்திருந்தார். காலையில் கையெழுத்து, மத்தியானத்துக்கு மேல் காய்கறி லாரியில் மூட்டை தூக்குகிற வேலை. சொந்தக் காட்டில் மூட்டை பிடிக்க வேண்டியவர் அடுத்தவன் மூட்டையைத் தூக்கினார். வக்கீல், குமாஸ்தா, பஸ், ஜாமீன்தாரருக்குச் சாப்பாடு, ஜெராக்ஸ் எல்லாம் சேர்த்து அடுத்த போகத்துக்கு வைத்திருந்த விதைப்பூண்டு மீதியும் வடுகபட்டி மண்டிக்குப் போய்விட்டது. வழக்கு இன்னும் நடக்கிறது. அதில் அவர் விடுதலை ஆனாலும் இந்தக் கணக்கை யாரிடம் வசூலிப்பது?

நிபந்தனையைத் தளர்த்தக் கேட்டு மனுப் போடலாம் என்பது இவருக்குத் தெரியாது. யாரும் சொல்லவும் இல்லை. சில வாரம் ஒழுங்காகக் கையெழுத்துப் போட்டுவிட்டு, ஊர் தூரத்தையும் பஸ் நேரத்தையும் எழுதிக் கொடுத்தால் வாரம் ஒருநாள் என்று மாற்றவும், முழுசாக எடுக்கவும் கோர்ட்டுக்கு அதிகாரம் இருக்கிறது. முதல் மனுவிலேயே தூரத்தை எழுதச் சொல்லி வக்கீலிடம் வற்புறுத்துங்கள். மதுரையில் இருக்கிற நீதிபதிக்குக் கவுஞ்சி எங்கே இருக்கிறது என்று நாம் சொன்னால்தானே தெரியும்! 2004 ஜூலையில் மதுரைக் கிளை வருவதற்கு முன்னால் இதற்கெல்லாம் நம் முன்னோர்கள் சென்னைக்குப் போனார்கள். கிளை வந்ததே தென் மாவட்டத்துக்காரர்களின் நீண்ட போராட்டத்தால்தான்.

ஜாமீன்தாரர் விஷயத்தில் 1978-ல் ஒரு தீர்ப்பு வந்தது. மோதி ராம் என்ற கொத்தனார். மத்தியப்பிரதேசத்தில் பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன் கேட்டார்கள். அவர் தம்பி கொடுத்த ஜாமீனை, சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று மாஜிஸ்திரேட் ஒத்துக்கொள்ளவில்லை. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி கிருஷ்ணய்யர் அமர்வு அதைக் கண்டித்து, ஆயிரம் ரூபாய்க்கு அவர் சொந்தப் பத்திரத்திலேயே விடச் சொன்னது. ஏழைக்கு வசதியில்லாத ஜாமீன் ஜாமீனே இல்லை என்பது அதன் சாரம். இத்தனை வருடம் கழித்தும் கம்பம், தேனிப் பக்கம் இருக்கிற மச்சானை ஜாமீனுக்குக் கூட்டிவந்தால் "லோக்கல் ஆள் கொண்டு வா" என்று திருப்பி அனுப்புகிற கதையை நம் ஆட்கள் சொல்லத்தான் செய்கிறார்கள்.

இன்னொரு பக்கம் ஆஸ்பத்திரிப் படுக்கை. அடிதடி வழக்கில் முன்ஜாமீன் கொடுக்கலாமா என்று பார்க்கும்போது கோர்ட் முதலில் கேட்பது "காயம்பட்டவர் டிஸ்சார்ஜ் ஆகிவிட்டாரா?" என்பது. கேட்பதில் தப்பில்லை. உண்மையில் அடிபட்டு உயிருக்குப் போராடுகிறவன் படுத்திருக்கும்போது அடித்தவனுக்கு உடனே முன்ஜாமீன் கொடுக்கக் கூடாதுதான். ஆனால் இதைத் தெரிந்துகொண்டு, சிராய்ப்புக்கும் போய்ப் படுத்துக்கொள்கிற பழக்கம் வந்துவிட்டது. எதிரிக்கு முன்ஜாமீன் கிடைக்கவிடாமல் பத்து நாள் படுத்திருப்பது ஒரு தந்திரம். இதைச் சொல்லிக்கொடுக்கவும் ஆள் இருக்கிறது. உண்மையில் அடிபட்ட ஏழையோ தோட்டத்தை விட்டுவிட்டுப் படுக்க முடியாது என்று மஞ்சளோடு நிற்கிறான். அவனுடைய காயத்துக்குச் சான்றிதழே இல்லை. ஆகவே சொல்கிறோம்: சின்னக் காயமாக இருந்தாலும் அன்றைக்கே அரசு ஆஸ்பத்திரியில் காட்டிப் பதிவேட்டில் எழுதவையுங்கள். யார், எதால், எங்கே அடித்தார்கள் என்று உண்மையைச் சொல்லுங்கள். நீங்களும் புகார் கொடுங்கள். இரண்டு பக்கமும் வழக்கு இருந்தால் ஒரே அதிகாரி இரண்டையும் விசாரித்து எது உண்மை என்று முடிவுக்கு வர வேண்டும் என்று காவல்துறையின் நிலை ஆணையே சொல்கிறது. "முதல்ல வந்தவன் புகார்தான் புகார்" என்று எந்தச் சட்டத்திலும் இல்லை.

அதைவிட முக்கியமான ஒன்று. முன்ஜாமீனே தேவைப்படாத வழக்குகளில்தான் நாம் அதிகமாக ஓடுகிறோம்! 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஏழு வருடம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் எஃப்.ஐ.ஆர். போட்டதும் கைது என்பது கூடாது. கைது ஏன் தேவை என்று காரணம் எழுத வேண்டும். தேவையில்லை என்றால் விசாரணைக்கு வரச்சொல்லி நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அந்த நோட்டீஸ் புதுச் சட்டத்தில் 35(3). அதற்குக் கட்டுப்பட்டு ஒழுங்காகப் போய் ஆஜராகிறவனை, காரணம் எழுதாமல் கைது செய்யக் கூடாது என்று 35(5) சொல்கிறது. 118(1), 132 எல்லாம் இந்த ஏழு வருடத்துக்குள் வருகிறவைதான். மூன்று வருடத்துக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றத்தில், உடல் நலிந்தவரையோ 60 வயது தாண்டியவரையோ டி.எஸ்.பி. அனுமதி இல்லாமல் கைது செய்ய முடியாது என்று 35(7) சொல்கிறது. 132-க்கு இரண்டு வருடம்தான் தண்டனை. நம் ஊர்ப் பெரியவர்கள் இதைத் தெரிந்து வைத்துக்கொள்ளட்டும்.

எஃப்.ஐ.ஆர். இருக்கிறதா இல்லையா என்றே தெரியாமல் காட்டுக்குள் ஓடியவர்களும் உண்டு. 2016-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டிருக்கிறது: எஃப்.ஐ.ஆரை 24 மணி நேரத்தில் போலீஸ் இணையதளத்தில் ஏற்ற வேண்டும், வசதி குறைந்த இடங்களில் 72 மணி நேரம் வரை. பாலியல் குற்றம் மாதிரி ரகசியம் காக்க வேண்டிய வழக்குகளுக்கு மட்டும் விலக்கு. வீட்டில் படிக்கிற பிள்ளையின் செல்போனில் பார்த்துவிடலாம். என்ன பிரிவு என்று பார்த்துவிட்டுப் பிறகு ஓடுவதா நிற்பதா என்று யோசியுங்கள். ஓடிவிட்டால் "தலைமறைவு" என்று எழுதுவார்கள். அந்த ஒரு வார்த்தை நோட்டீஸில் முடிய வேண்டியதைக் கைது வரை கொண்டுபோகும், முன்ஜாமீன் மனுவையும் கெடுக்கும்.

இப்போது நம்ம பக்கத்து அழுக்கையும் பேச வேண்டும். பேசாவிட்டால் இந்த நோட்டீஸ் யோக்கியமான நோட்டீஸ் இல்லை.

மலையில் முன்ஜாமீனால் அவதிப்படுகிறவர்கள் ஒரு பக்கம். முன்ஜாமீனை வைத்துக்கொண்டு மிரட்டுகிறவர்கள் இன்னொரு பக்கம். கூலி கேட்ட ஆளை அடிப்பது, அன்றைக்கே கார் எடுத்துக்கொண்டு கீழே இறங்குவது, பெரிய வக்கீலை வைத்து முன்ஜாமீன் வாங்குவது, வந்து டீக்கடையில் உட்கார்ந்து "என்ன செஞ்சுட்டீங்க?" என்று கேட்பது. முன்ஜாமீன் விடுதலை இல்லை, நிரபராதி என்ற சான்றிதழும் இல்லை என்பதை அடிபட்டவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். அவர் மனுப் போட்டால், அடிபட்டவரும் வக்கீல் வைத்து இடையில் மனுப் போட்டு எதிர்க்கலாம். முன்ஜாமீன் வாங்கியவர் சாட்சியை மிரட்டினால் ரத்து செய்யக் கேட்கலாம். 2021 அக்டோபர் 3-ல் உத்தரப்பிரதேசம் லக்கிம்பூர் கேரியில் போராடிய விவசாயிகள் மேல் வாகனம் ஏறியதே, அந்த வழக்கில் அன்றைய மத்திய இணை அமைச்சரின் மகனுக்கு அலகாபாத் உயர் நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. இது கைதுக்குப் பிந்தைய ஜாமீன். ஆனால் பாடம் ஒன்றுதான். பாதிக்கப்பட்ட குடும்பங்கள் உச்ச நீதிமன்றம் போனார்கள். 2022 ஏப்ரலில் அந்த ஜாமீன் ரத்தானது. ஜாமீன் கட்டத்திலும் பாதிக்கப்பட்டவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்று தீர்ப்பில் எழுதினார்கள். பின்னால் அவருக்கு ஜாமீன் கிடைத்தது என்பது வேறு கதை. விவசாயக் குடும்பங்கள் வாங்கிக் கொடுத்த அந்த உரிமை இன்றைக்கு அடிபட்ட கூலிக்காரருக்கும் இருக்கிறது.

அடுத்து, தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களைச் சாதியின் பேரால் இழிவுபடுத்தி அடித்தவர்களுக்கு 1989-ம் வருட வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 18-வது பிரிவுப்படி முன்ஜாமீன் கிடையாது. 2018-ல் அதைத் தளர்த்துகிற மாதிரி ஒரு தீர்ப்பு வந்தது, நாடு முழுக்கப் போராட்டம் நடந்தது, நாடாளுமன்றம் 18-ஏ பிரிவைச் சேர்த்தது. 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அது செல்லும் என்றது. மேலோட்டமாகப் பார்த்தாலே அந்தச் சட்டத்துக்குள் வராத புகார் என்றால் மட்டும் கோர்ட் தலையிடலாம். இதற்காகச் சங்கத்திடம் "ஏதாச்சும் பண்ணுங்க அண்ணே" என்று வந்தவர்கள் உண்டு. சங்கம் ஒன்றும் பண்ணாது. பூண்டுக் காட்டில் நம்மோடு குனிந்து நிற்கிற ஆளைச் சாதி சொல்லி அடித்துவிட்டு, விவசாயி என்ற பேரில் சங்கக் கொடிக்குப் பின்னால் ஒளிந்துகொள்ள இடம் கிடையாது. உறுப்பினர் கட்டணத்தைத் திருப்பித் தந்துவிடுகிறோம்.

பொய்யாகப் பேர் சேர்ப்பதும் நம்மிடம்தான் இருக்கிறது. அடித்தவன் ஒருவன், எழுதிக் கொடுப்பது ஏழு பேர். அன்றைக்கு வடுகபட்டி மண்டியில் பூண்டு போட்டுக்கொண்டிருந்த அண்ணனும் எதிரி, கல்யாணமாகிப் போன தங்கச்சியும் எதிரி. எதற்கு? குடும்பமே முன்ஜாமீனுக்கு அலையட்டும் என்ற கெட்ட எண்ணம். அந்த ஆறு பொய்ப் பேரால்தான் உண்மையாக அடித்தவனும் கடைசியில் தப்பிக்கிறான். பொய்ப் புகாருக்குத் தண்டனை உண்டு, புதுச் சட்டத்தில் 217, 248 பிரிவுகள். சங்கத்தில் எழுதுகிற புகாரில் இனி அடித்தவன் பேர் மட்டும்தான் இருக்கும்.

போராட்டத்துக்கு வருவோம். நாளைக்கே பூண்டு விலைக்கோ நிலத்துக்கோ ரோட்டில் உட்கார்ந்தால் நம் மேலும் இதே பிரிவுகள் வரலாம். திருவண்ணாமலை மாவட்டம் செய்யாறு பக்கம் மேல்மா சுற்று கிராமங்களில் சிப்காட்டுக்கு நிலம் எடுப்பதை எதிர்த்த விவசாயிகளில் 20 பேரை 2023 நவம்பரில் கைது செய்தார்கள். ஏழு பேர் மேல் குண்டர் சட்டம்! தமிழ்நாடு முழுக்கக் கண்டனம் எழுந்ததும் சில நாளிலேயே ஆறு பேர் மேல் போட்டதை அரசு விலக்கிக்கொண்டது. 1982-ம் வருடக் குண்டர் சட்டம் தடுப்புக் காவல் சட்டம், அதற்கு முன்ஜாமீன் செல்லாது. ஆகவே கோர்ட்டை மட்டும் நம்பிச் சங்கம் நடத்த முடியாது. அந்த ஆறு பேரை வெளியே கொண்டுவந்தது ஜனங்களின் சத்தம்.

ஒரு கேள்வி கேட்டு முடிக்கிறோம், தமிழக அரசை நோக்கி. அவசரநிலைக் காலத்தில், 1976-ல், உத்தரப்பிரதேச அரசு முன்ஜாமீன் பிரிவையே தன் மாநிலத்தில் இல்லாமல் ஆக்கியது. 43 வருடம் கழித்து 2019-ல்தான் திருப்பிக் கொண்டுவந்தார்கள். குற்றவியல் நடைமுறை மத்திய, மாநிலப் பொதுப்பட்டியலில் இருப்பதால், குடியரசுத் தலைவர் ஒப்புதலோடு மாநிலம் திருத்தலாம். ஒரு மாநிலம் ஜனங்களிடமிருந்து பிடுங்குவதற்கு அந்த அதிகாரத்தைப் பயன்படுத்த முடிந்தது. தமிழ்நாடு 118(1)-ஐ மறுபடி ஜாமீனில் விடக்கூடிய பிரிவாக ஆக்க ஒரு வரி திருத்தம் கொண்டுவர முடியாதா? மூன்று வருடம் முதல் ஏழு வருடத்துக்குள் தண்டனை உள்ள புகார்களில் டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாளில் முதல்கட்ட விசாரணை நடத்திப் பார்க்கலாம் என்று 173(3) சொல்கிறது. 118(1) அதற்குள் வருகிறது. வரப்புச் சண்டைகளில் அதைச் செய்தால் பாதிக் கேஸ் எஃப்.ஐ.ஆர். ஆகாது. 35(3) நோட்டீஸ் கொடுக்காமல் கைது செய்ய ஓடுவது நிற்க வேண்டும். கையெழுத்து நிபந்தனை கேட்கிற அரசு வக்கீல்கள் மேல்மலைக் கிராமங்களின் தூரத்தைக் கோர்ட்டில் சொல்ல வேண்டும். சட்டப்பணிக் குழு மாதம் ஒருமுறையாவது மன்னவனூருக்கு வக்கீலை அனுப்ப வேண்டும். பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு, மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. 15100 என்ற எண்ணுக்குப் போன் போட்டும் கேட்கலாம். ஆனால் வக்கீல் மேலே வர வேண்டும். எல்லாவற்றுக்கும் நாமே இறங்கிப் போய்க்கொண்டிருக்க முடியாது.

இந்தக் கோரிக்கைகளை வைத்து வருகிற திங்கட்கிழமை காலை 10.30 மணிக்கு கொடைக்கானல் கோட்டாட்சியர் அலுவலகம் முன்பு ஆர்ப்பாட்டம். ஆமாம், நம்ம ஆட்கள் கையெழுத்துப் போடுகிற அதே 10.30. முதல் பஸ்ஸில் ஏறுங்கள், இடம் இல்லாதவர்களுக்குச் சங்க ஜீப் கவுஞ்சி பஸ் ஸ்டாப்பில் நிற்கும். அடிதடி வழக்கு இருக்கிறவர்கள் எஃப்.ஐ.ஆர். நகல், முன்ஜாமீன் உத்தரவு, வீண்செலவுக் கணக்கு எழுதிய தாள் மூன்றையும் கொண்டு வாருங்கள், மனுவோடு இணைக்க வேண்டும். பெண்கள் கட்டாயம் வர வேண்டும், இரண்டாவது எதிரியாகச் சேர்க்கப்பட்டவர்கள் முன்வரிசையில் நில்லுங்கள். மண்வெட்டியை மட்டும் வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள். அதையும் எழுதிவிடப் போகிறார்கள்.

இவண்,
செயலாளர் மற்றும் கிளை உறுப்பினர்கள்,
விவசாயிகள் சங்கம், கவுஞ்சி.